மாஷன் போட்ட ஐந்து

“நான் போட்ட அஞ்சைத் தூக்கிட்டுப் போயி டுர்மிட்டோர் மலை உச்சியில வை, அஞ்சுதான். கடலுக்கு அடியில போடு, அஞ்சுதான். பீப்பாயில சாராயத்தோட ஊறவெச்சு இருபது வருஷம் கழிச்சு எடுத்துப் பாரு, அப்பவும் அஞ்சுதான். ஆறு ஆவாது.”

அரசுச் சட்டக் கல்லூரிக்கு எதிரே உள்ள காப்பிக்கடையில் எழுந்து நின்று இப்படிச் சொன்னவர் ரோமானியச் சட்டப் பேராசிரியர் மாஷன். எழுந்து நின்றார் என்பதைக் கவனிக்க வேண்டும். மொண்டெனேக்ரோவில் கோப்பையில் காப்பி மிச்சமிருக்கும்போது மனிதர்கள் எழுந்திருப்பது பூகம்பத்துக்கும் தேசிய கீதத்துக்கும் மட்டும்தான். தேசிய கீதம் பற்றிக்கூடச் சந்தேகம் உண்டு. ஆகவே அங்கே உட்கார்ந்திருந்த நாங்கள் ஏதோ சரித்திரம் நடக்கிறது என்று புரிந்துகொண்டு, மரியாதைக்காகக் கால்மேல் போட்டிருந்த காலை இறக்கிக்கொண்டோம்.

எங்கள் தேர்வுகளில் பத்துக்கு ஐந்து என்றால் தோல்வி. ஆறு என்றால் கரையேறிவிட்டான். பத்து என்பதை மாஷனிடம் வாங்கியவர்கள் இருந்ததாகச் சொல்வார்கள். நேரில் பார்த்தவர் இல்லை. ‘மாஷன் ஐந்து போட்டுவிட்டார்’ என்று ஒரு வீட்டைப் பற்றிக் கேள்விப்பட்டால் இரண்டு நாளைக்கு அந்தப் பக்கம் போகாமல் இருப்பதுதான் நாகரிகம்.

ஆள் நல்ல உயரம். தாடை எலும்பிலேயே பாதி மரியாதை வந்துவிடும். மீதி மரியாதையைப் புருவம் பார்த்துக்கொள்ளும். இருந்தது ஒரே ஒரு பழுப்பு நிற கோட். சட்டைப்பையில் ஒரு பழைய புகையிலை டப்பா. புகையிலை எப்போதோ தீர்ந்துபோய், அதற்குள் மடித்த சீட்டுகள் கிடக்கும். ஒவ்வொரு சீட்டிலும் ஒரு கேள்வி. மாணவன் வந்து உட்கார்ந்து, சிலுவை போட்டுக்கொண்டு, ஒரு சீட்டை எடுக்க வேண்டும். எடுத்தது எதுவோ அதுதான் அவன் விதி. வாய்மொழித் தேர்வு என்பதால் அறைக்கதவு திறந்தே இருக்கும். போகிறவர் வருகிறவர் எல்லாம் எட்டிப் பார்த்துக் கேட்கலாம். இந்தக் கதவு விஷயத்தில் மாஷன் கறாரானவர். மூடிய கதவுக்குள் போடுகிற மதிப்பெண், இருட்டில் பார்த்த பெண் மாதிரி என்பார். இதற்கு என்ன அர்த்தம் என்று யாரும் கேட்டதில்லை. கேட்டால் அதற்கும் ஐந்து போட்டுவிடுவாரோ என்று பயம்.

அவர் ஐந்து போட்டவர்களில் பலர் பிற்பாடு ஓட்டல் கட்டினார்கள், கப்பல் வாங்கினார்கள், இரண்டு பேர் அமைச்சர்களாகக்கூட ஆனார்கள். அவர் ஆறு போட்டவர்கள் அந்த ஓட்டல்களில் வேலை கேட்டுத் தலைநிமிர்ந்து நின்றார்கள். எப்படியோ நாட்டுக்கு இரண்டு வகையான ஆட்களையும் அவர்தான் தயாரித்துக் கொடுத்தார் என்பதை மறுக்க முடியாது.

எங்கள் ஊரில் ஒரு பிள்ளையைப் பார்த்தால் என்ன தெரியும் என்று கேட்கிற பழக்கம் கிடையாது. யார் வீட்டுப் பிள்ளை என்றுதான் கேட்போம். பதில் வந்தவுடன் நான்கு தலைமுறை பின்னால் போய், ஏதாவது ஒரு திருமணத்திலோ கொலையிலோ உறவைக் கண்டுபிடித்துவிடுவோம். அப்புறம் எப்படி ஐந்து போடுவது? தேர்வு மாதங்களில் நாட்டிலுள்ள தொலைபேசிகள் எல்லாம் பேராசிரியர்கள் வீட்டுப் பக்கமாகவே அடிக்கும். மாஷன் மட்டும் அந்த மாதங்களில் ஒயரைப் பிடுங்கிவிட்டு, தொலைபேசியை முட்டைக்கோஸ் ஊறுகாய்ப் பீப்பாய்க்குப் பக்கத்தில் வைத்துவிடுவார். அது அங்கே ஊமையாகக் கிடக்கும்.

அவர் டப்பாவில் இருந்த சீட்டுகளிலேயே பேர்போனது மாட்டுச் சீட்டு. ஒருவன் ஒரு மாட்டைத் திருடி, விஷயம் தெரியாத இன்னொருவனுக்கு விற்றுவிடுகிறான். வாங்கியவன் நல்லவன். பல வருஷம் தீனி போட்டு வளர்க்கிறான். மாடு யாருக்குச் சொந்தம்? ரோமானியர்கள் இதில் இரக்கமே பார்க்கவில்லை. தன்னிடம் இல்லாத உரிமையைத் திருடன் எப்படி விற்க முடியும்? திருட்டு மாடு எத்தனை வருஷம் யார் தொழுவத்தில் நின்றாலும் பழைய சொந்தக்காரனுடையதுதான். கேட்க எளிதாக இருக்கும். ஆனால் மலைநாட்டுப் பிள்ளைகள் இந்தக் கேள்வியில் வரிசையாக விழுவார்கள். மாடு என்றதும் அவர்களுக்கு ரோம் மறந்து தொழுவம் ஞாபகம் வந்துவிடும்.

அன்று மாஷன் காப்பிக்கடையில் எழுந்து நின்று சபதம் போல முழங்கியதற்குக் காரணமே இந்த மாடுதான்.

அதற்கு முந்தின நாள் சாயங்காலம் யாகோஷ் அவர் வீட்டுக்கு வந்திருந்தார். யாகோஷ் அவருக்குக் கூம். அதாவது யாகோஷின் மகள் இகோனியாவுக்கு முதன்முதலில் முடி இறக்கியது மாஷன்தான். குழந்தையை மடியில் வைத்துக் கத்தரிக்கோலால் ஒரு கற்றையை வெட்டிய அன்றே இரண்டு வீடும் ஒட்டிக்கொண்டுவிட்டன. கூடப் பிறந்தவனோடு சண்டை போடலாம், அது வழக்கமானதுதான், நீதிமன்றங்கள் அதற்காகவே இருக்கின்றன. கூமோடு சண்டை போட்டால் மழை பெய்யாது என்று நம்புகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பேர் சொல்லிக் கூப்பிட மாட்டார்கள். “கூமே” என்றுதான் கூப்பிடுவார்கள். இகோனியாவும் மாஷனை அப்படித்தான் கூப்பிடுவாள், கல்லூரிக்கு வெளியே.

அந்த இகோனியாவுக்குத்தான் யாகோஷ் வந்த அன்று காலை மாட்டுச் சீட்டு வந்தது. அவள் யோசிக்கவே இல்லை. மாடு, தீனி போட்டு வளர்த்தவனோடது என்றாள். மாஷனும் யோசிக்கவில்லை. ஐந்து போட்டார்.

யாகோஷ் வெறுங்கையோடு வரவில்லை. ஞேகுஷி ஊரில் புகைபோட்டுப் பதப்படுத்திய பன்றித் தொடை ஒன்றை முழுசாகத் தோளில் போட்டுக்கொண்டு வந்து சமையலறை மேசையில் வைத்தார். மாஷன் அதைத் திரும்பியும் பார்க்கவில்லையாம். எங்கள் நாட்டில் வீரத்துக்கு எத்தனையோ சிலைகள் வைத்திருக்கிறோம். ஞேகுஷித் தொடையைத் திரும்பிப் பார்க்காதவனுக்கு இன்னும் ஒரு சிலை இல்லை.

அங்கே என்ன நடந்தது என்பதை யாகோஷே பிற்பாடு எல்லோரிடமும் சொன்னார்.

“கூமே, அவ ஒண்ணும் தப்பா சொல்லலயே. நம்ம வீட்டுல நடந்ததத்தான சொன்னா. நீயும் அன்னிக்கு அங்கதான இருந்த?”

அது உண்மை. யாகோஷ் ஒரு காலத்தில் நிக்ஷிச் சந்தையில் காது கிழிந்த ஒரு பசுவை வாங்கினார். சில வருஷம் கழித்து மலைக்கு அந்தப் பக்கத்து ஊரிலிருந்து ஒருவர் வந்தார். அந்தக் காதை அடையாளம் கண்டுகொண்டார். களவு போன மாடு அவருடையது. உட்கார்ந்தார், சாராயம் குடித்தார், அந்தப் பசுவின் பாலாடையைத் தின்றார், பசுவைத் தடவிக்கொடுத்தார். தீனி போட்டவன் நீ, வைத்துக்கொள் என்று சொல்லிவிட்டுத் தொப்பியை எடுத்துக்கொண்டு போய்விட்டார். அப்போது விருந்தாளியாக இருந்த மாஷன் வாசல்வரை ஓடிப்போய் அந்த மனுஷனின் இரண்டு கன்னத்திலும் முத்தம் கொடுத்தார். இகோனியா அப்போது சின்னப் பெண், கதவோரம் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

“இருந்தேன்,” என்றார் மாஷன்.

“முத்தம் குடுத்தியே.”

“குடுத்தேன். அது உன் வீட்டு வாசல். இது ரோம்.”

“ஆறு போடு போதும். அதுக்கு மேல நான் கேக்கல.”

“ஆறு கேட்டாலும் பத்து கேட்டாலும் ஒண்ணுதான், யாகோஷ்.”

யாகோஷ் இதைச் சொல்லும்போதெல்லாம் இந்த இடத்தில் நிறுத்துவார். மகளுக்கு ஐந்து கிடைத்ததைக்கூட அவர் பொறுத்துக்கொண்டார். யாகோஷ் என்று பேர் சொல்லிக் கூப்பிட்டுவிட்டானே என்பதுதான் அவருக்குத் தாங்கவில்லை. தொடையைத் திரும்பத் தோளில் போட்டுக்கொண்டு வெளியேறினார். வழியில் சந்தித்தவர்கள் எல்லாம் அந்தத் தொடை போன திசையையும் வந்த திசையையும் பார்த்தே முழுக் கதையையும் தெரிந்துகொண்டார்கள். மறுநாள் மாஷன் காப்பிக்கடைக்கு வந்தபோது பாதிப்பேர் அவரைக் கல்நெஞ்சக்காரன் என்றும் பாதிப்பேர் இந்த நாட்டின் கடைசி மனுஷன் என்றும் பேசிக்கொண்டிருந்தோம். இரண்டு கட்சிக்கும் சேர்த்துத்தான் அவர் எழுந்து நின்று அந்த வார்த்தைகளைச் சொன்னார்.

இகோனியா படிப்பை விட்டாள். நகராட்சியில் பிறப்பு இறப்புச் சான்றிதழ் கொடுக்கும் ஜன்னலுக்குப் பின்னால் உட்கார்ந்தாள். இரண்டு வீட்டுக்கும் பேச்சு நின்றது. மழை வழக்கம்போலவே பெய்தது என்பதையும் குறிப்பிட்டாக வேண்டும்.

அதற்கப்புறம்தான் எங்கள் நாட்டில் தனியார் பல்கலைக்கழகங்கள் முளைக்க ஆரம்பித்தன. மக்கள்தொகை குறைவு, கட்டடங்கள் நிறைய, ஆகவே இடத்துக்குப் பஞ்சமில்லை. டயர் கிடங்கில் ஒன்று, திருமண மண்டபத்தின் மாடியில் ஒன்று. காவ்ரிலோ என்பவர் புறவழிச்சாலையில் ‘ரோசாந்தா பர்னிச்சர்’ என்று கடை வைத்திருந்தார். ரோசாந்தா அவர் அம்மா. கட்டில் வியாபாரம் படுத்துவிட்டது. அவர் பெயர்ப்பலகையில் முதல் வார்த்தையை அப்படியே வைத்துக்கொண்டு இரண்டாவதை மட்டும் மாற்றினார். ரோசாந்தா பல்கலைக்கழகம் உதயமாயிற்று. விற்காமல் நின்ற சோபாக்கள் அப்படியே வகுப்பறைகளுக்குப் போயின. இவ்வளவு வசதியாக உட்கார்ந்து சட்டம் படித்த தலைமுறை உலகத்தில் வேறு எங்கும் இருக்காது.

“பட்டத்தோட மெத்தையும் சேத்துத் தர்றானா, இல்ல மெத்தைக்குத் தனியாவா?” என்று மாஷன் காப்பிக்கடையில் கேட்பார். நாங்கள் சிரிப்போம். சிரித்துவிட்டு வீட்டுக்குப் போய், எங்களில் பாதிப்பேர் ரகசியமாக ரோசாந்தாவில் சேர்ந்தோம். அரசு அலுவலகங்களில் பட்டம் இல்லாதவனுக்கு மேசை இல்லை என்று விதி வந்துகொண்டிருந்தது. தவிர, நாற்காலிகள் உண்மையிலேயே நன்றாக இருந்தன.

பிறகு மாஷனுக்கு ஓய்வுபெறும் வயது வந்தது. அரசு அவருக்கு ஒரு விருந்தும் ஒரு கைக்கடிகாரமும் கொடுத்து அனுப்பிவைத்தது. அவர் அறை ஒரு மாதத்துக்குள் வேறொருவருக்குப் போனது. ஒரு நாள் ஏதோ புத்தகம் எடுக்கப் போனவரைப் புதிதாக வந்த காவலாளி நிறுத்தி, யாரைப் பார்க்கணும் தாத்தா என்று கேட்டான். அதைக்கூட அவர் சிரித்துக்கொண்டே எங்களிடம் சொன்னார். சிரிக்காமல் சொன்னது வேறொன்று. முன்பெல்லாம் அவர் தெருவில் வந்தால் மாணவர்கள் எதிர்ச்சாரிக்குத் தாண்டி ஓடுவார்கள். இப்போது யாரும் தாண்டுவதில்லை. பக்கத்திலேயே நடந்து போகிறார்கள். ஒருத்தன் தோளில் இடித்துவிட்டு மன்னிப்புகூடக் கேட்டானாம். மன்னிப்புக் கேட்கும் அளவுக்குப் பயம் விட்டுப்போயிருந்தது.

அந்தக் குளிர்காலத்தில் யாகோஷ் இறந்துபோனார்.

எங்கள் சாவு வீடுகளில் கல்லறைத் தோட்ட மண்டபத்தின் வாசலில் குடும்பத்து ஆட்கள் வரிசையாக நிற்பார்கள். ஊர் முழுக்க எதிரே வரிசை கட்டி வந்து ஒவ்வொருவர் கையாகப் பிடித்துவிட்டுப் போகும். கூம் நிற்க வேண்டிய இடம் குடும்பத்தோடு, உடன்பிறந்தவர்களுக்கு அடுத்து. மாஷன் வந்தார். பழுப்பு நிற கோட்டின்மேல் கறுப்புப் பட்டை குத்தியிருந்தார். மண்டபத்தைப் பார்த்துக் கொஞ்ச நேரம் நின்றார். அந்த இடத்தைக் காலியாகவே விட்டிருந்தார்கள். அவர் திரும்பி நடந்து, ஊர் வரிசையின் கடைசியில், தபால்காரருக்கும் பெட்ரோல் பங்க் ஆளுக்கும் பின்னால் போய் நின்றுகொண்டார். அவர் முறை வந்தபோது இகோனியா கையைக் கொடுத்தாள்.

“நன்றி, புரொபசர்,” என்றாள்.

எல்லோருக்கும் சொன்ன அதே நன்றிதான். கூட ஒரு வார்த்தைதான் வித்தியாசம். அவர் அதற்குப் பிறகு பல நாள் காப்பிக்கடைக்கு வரவில்லை.

காவ்ரிலோ அவரைத் தேடிப் போனது வசந்தத்தில். ஒரு சட்டக் கல்லூரிக்கு உரிமம் நீடிக்க வேண்டுமென்றால் ரோமானியச் சட்டத்துக்கு முழுப் பேராசிரியர் ஒருவர் இருந்தாக வேண்டும். எங்கள் நாட்டின் அளவுக்கு அப்படிப்பட்டவர்களைத் தேடுவது கரடி தேடுகிற மாதிரி. காவ்ரிலோ மெத்தை விற்றுப் பழகியவர். வாடிக்கையாளர் எந்தப் பக்கம் படுப்பார் என்று முகத்தைப் பார்த்தே சொல்லிவிடுவார். சம்பளத்தைப் பற்றி அவர் வாயே திறக்கவில்லை.

“எங்களுக்கு நீங்க வேணாம் புரொபசர். உங்க அஞ்சு வேணும்,” என்றார். “அந்த அரசாங்கக்காரனுங்க அதோட மதிப்புத் தெரியாம அனுப்பிட்டானுங்க. எங்க பசங்க ஒரு தடவையாவது நிஜ அஞ்ச பாக்கட்டும்.”

மாஷன் மூன்று நாள் யோசித்ததாகச் சொன்னார். மறுநாளே அவரை ரோசாந்தா வாசலில் பார்த்தவர்கள் உண்டு. எங்களிடம் அவர் கொடுத்த விளக்கம், நோய் இருக்கிற இடத்துக்குத்தானே மருத்துவன் போகணும் என்பது. நாங்கள் பயபக்தியோடு தலையாட்டினோம்.

ரோசாந்தாவில் மாதத்துக்கொரு தேர்வு. முதல் தேர்வில் அவர் சொன்னபடியே செய்தார். டப்பாவைத் திறந்தார், கதவைத் திறந்து வைத்தார், வந்தவனுக்கெல்லாம் ஐந்து. சோபாவில் சாய்ந்தபடி ஐந்து வாங்குவது எங்களுக்குப் புதிய அனுபவமாக இருந்தது. இனிமேல் காவ்ரிலோ அவரை அனுப்பிவிடுவார் என்று எதிர்பார்த்தோம். காவ்ரிலோ தன் கையாலேயே காப்பி கொண்டுவந்து வைத்து, கண்கலங்கி நன்றி சொன்னார். அடுத்த வாரம் அறைக்கதவில் மாஷனின் பெயர் பொறித்த பித்தளைத் தகடு வந்தது. அதற்கடுத்த வாரம் தலைசாய்க்கிற தோல் நாற்காலி வந்தது. கிடங்கிலேயே மிக உயர்ந்த ரகம், வாங்க ஆளில்லாமல் நின்றது. அரசுக் கல்லூரியில் அவர் உட்கார்ந்திருந்த மரநாற்காலியில் ஒரு கால் குட்டை என்பதும் அதன் கீழே பழைய அரசியலமைப்புச் சட்டத்தை மடித்து வைத்திருந்தார்கள் என்பதும் எல்லோருக்கும் தெரியும்.

இரண்டாவது தேர்வின்போது காவ்ரிலோ ஒரு சின்ன யோசனை சொன்னார். பிடிக்காத சீட்டு வந்தால் பையன் அதைப் போட்டுவிட்டு வேறொன்று எடுக்கலாமே? மாஷன் ஆராய்ந்து பார்த்து, அதில் நீதிக்கு விரோதமாக எதுவும் இல்லை என்று கண்டார். மூன்றாவது தேர்வுக்குச் சீட்டுகளை முந்தின வாரமே சுவரில் ஒட்டினால் பிள்ளைகள் ஆர்வமாகப் படிப்பார்களே? படிப்பார்கள்தான். நான்காவதில், பதில் தவறும்போது ‘தப்பு’ என்று சொல்வதற்குப் பதிலாக ‘வேறு கோணத்திலும் பார்க்கலாம்’ என்று சொன்னால் பெற்றோர் மனம் குளிருமே? சொன்னார். ஐந்து குறைந்துகொண்டே வந்தது. ஒரு கட்டத்தில் நின்றுவிட்டது. யாரும் அவரை எதுவும் செய்யச் சொல்லவில்லை என்பதுதான் விசேஷம். கேட்டதெல்லாம் யோசனைதான், கொடுத்ததெல்லாம் காப்பிதான்.

“தரம் குறையலப்பா. முறை மாறிடுச்சு,” என்பார் காப்பிக்கடையில். இதை உட்கார்ந்துகொண்டே சொன்னார்.

நாங்கள் எதிர்க்கவில்லை. எங்களுக்கும் ஆறு, ஏழு என்று வந்துகொண்டிருந்தது. அந்த எண்களை வீட்டில் சொல்லும்போது மட்டும் எதிரிலிருப்பவர் கண்ணைப் பார்க்காமல் சொல்லப் பழகிக்கொண்டோம். மாஷனைத் தெருவில் பார்த்தால் எதிர்ச்சாரிக்குத் தாண்டவும் ஆரம்பித்தோம். பயத்தால் அல்ல என்பதை அவர் கண்டுபிடித்திருக்க மாட்டார் என்றுதான் நம்புகிறேன்.

இந்த நேரத்தில்தான் நகராட்சியில் பட்டமில்லாதவர்களின் மேசைகளைப் பறிக்கும் விதி இகோனியாவின் ஜன்னலுக்கு வந்து சேர்ந்தது. அந்த ஊரில் பிறந்தவன் செத்தவன் எல்லோருக்கும் காகிதம் எழுதிக் கொடுத்தவள் அவள். அவள் மேசைக்குக் கட்சிக்காரர் ஒருவரின் மருமகன் தயாராக நின்றான். அவன் கையில் ரோசாந்தாவின் பட்டம் இன்னும் மை காயாமல் இருந்தது. அந்த இலையுதிர்காலத்துக்குள் அவளும் படிப்பை முடித்தாக வேண்டும், இல்லையென்றால் வீட்டுக்குப் போக வேண்டும். அரசுக் கல்லூரியில் விட்ட இடத்திலிருந்து ரோசாந்தாவில் தொடர்ந்தாள். எல்லாம் முடிந்து, மிச்சமிருந்தது ஒன்றே ஒன்று. ரோமானியச் சட்டம்.

அது ஒரு சனிக்கிழமை. அந்த அறை முன்பு கட்டில் பிரிவாக இருந்தது. நடைபாதைப் பக்கம் முழுக்கக் கண்ணாடிச் சுவர். கதவு, மாஷனின் பழைய வழக்கப்படி, திறந்திருந்தது. எங்களில் சிலர் எங்கள் முறைக்காகப் பின்னால் சோபாவில் புதைந்திருந்தோம். இகோனியா உள்ளே வந்தாள். அப்பா செத்து வருஷம் இன்னும் முடியவில்லை, உடுப்பெல்லாம் கறுப்பு.

“நல்லா இருக்கீங்களா, கூமே?”

மாஷன் கையிலிருந்த டப்பா மேசையில் விழுந்து சீட்டுகள் சிதறின. கூட்டி அள்ளி உள்ளே போட அவருக்கு நேரம் பிடித்தது.

“எடும்மா,” என்றார்.

எடுத்தாள். பிரித்துப் பார்த்தாள். லேசாகச் சிரித்தது போல இருந்தது. சீட்டை அவர் பக்கம் திருப்பி வைத்தாள். மாடு.

“வேணும்னா போட்டுட்டு வேற எடுக்கலாம். இங்க அப்படி ஒரு முறை இருக்கு.”

“அங்க இல்லயே, கூமே.”

“இங்க இருக்கு.”

“வேணாம். இதுவே இருக்கட்டும்.” கைகளை மடியில் வைத்துக்கொண்டாள். “மாடு, தீனி போட்டு வளத்தவனோடது.”

அன்று சொன்ன அதே வாக்கியம். எங்களுக்கெல்லாம் அந்தக் கதை தெரியும். தெரியாதவன் அந்த ஊரில் கிடையாது. மாஷன் சீட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். அதில் படிக்க அவ்வளவு எழுதியிருக்கவில்லை.

இகோனியா குரலை உயர்த்தாமல் பேசினாள்.

“அப்பா உங்ககூடப் பேசல. ஆனா உங்களப் பத்திப் பேசாத நாள் இல்ல. வீட்டுக்கு யாரு வந்தாலும் சொல்லுவாரு. இந்த நாட்டுல எவன வேணாலும் ஒரு பன்னித் தொடைக்கு வாங்கிடலாம், என் கூம மட்டும் முடியாது, என் பொண்ணுக்கே அஞ்சு போட்டவன் அவன்னு. ஆரம்பிக்கும்போது திட்டுற மாதிரிதான் இருக்கும். முடிக்கும்போது நெஞ்ச நிமித்திட்டு உக்காந்திருப்பாரு.”

சீட்டை விரலால் அவர் பக்கம் இன்னும் கொஞ்சம் தள்ளினாள்.

“ரோம் என்ன சொல்லுதுன்னு எனக்குத் தெரியும், கூமே. படிச்சிட்டுத்தான் வந்திருக்கேன். நீங்க தப்புன்னு சொல்லிட்டுத் திருப்பிக் கேளுங்க. சரியா சொல்றேன்.”

அவ்வளவுதான் தேவைப்பட்டது. ஒரு ‘தப்பு’. அதைச் சொல்லிவிட்டால் அவள் சரியான பதிலைச் சொல்வாள், நியாயமாகவே தேறுவாள், மேசையும் கைவிட்டுப் போகாது, செத்துப்போன யாகோஷும் நெஞ்சை நிமிர்த்தியபடியே இருப்பார். ஆனால் அந்த வார்த்தை அந்தக் கட்டடத்தில் உச்சரிக்கப்பட்டு மாதக்கணக்கில் ஆகியிருந்தது. மாஷன் வாயைத் திறந்தார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் காவ்ரிலோ காப்பித் தட்டோடு நின்றுகொண்டிருந்தார். பக்கத்தில் நகராட்சியின் ஒரு பெரிய மனுஷர். அடுத்த வருஷம் தன் ஊழியர்களை மொத்தமாக இங்கே சேர்ப்பது பற்றிப் பேச வந்தவர். இருவரும் உள்ளே பார்த்துச் சிரித்தார்கள். காவ்ரிலோ கோப்பையை லேசாக உயர்த்திக் காட்டினார்.

மாஷன் வாயை மூடிக்கொண்டார்.

அப்போது அவர் மனதில் என்ன ஓடியது என்பதை அவர் பிற்பாடு யாரிடமும் சொல்லவில்லை. அந்தத் தொடையைத் திருப்பி அனுப்பியதற்கு இது பரிகாரம் என்று நினைத்திருக்கலாம். கல்லறைத் தோட்டத்தில் காலியாக இருந்த அந்த இடத்தை நினைத்திருக்கலாம். இரக்கம் என்று அவர் அதற்குப் பேர் வைத்திருந்தால் நாங்கள் மறுக்கப்போவதில்லை. அந்த இரக்கத்தில் தோல் நாற்காலிக்கும் ஒரு பங்கு உண்டு என்பது மட்டும் பின்னாலிருந்து பார்த்த எங்களுக்குத் தெரிந்தது. மாஷன் தலை நிமிரவே இல்லை. பேனாவை எடுத்தார். ஐந்து போடத் தைரியமில்லை. பத்து போட வெட்கமாக இருந்திருக்க வேண்டும். எட்டு என்று எழுதினார். எழுத்து வழக்கத்தைவிடச் சின்னதாக விழுந்தது.

இகோனியா குனிந்து அதைப் பார்த்தாள். கறுப்புக் கோட்டின் பொத்தானைப் போட்டுக்கொண்டு எழுந்தாள்.

“நன்றி, புரொபசர்.”

போகும்போது கதவைச் சாத்தவில்லை. அது திறந்தே இருக்க வேண்டும் என்பது வழக்கம்.